கல்லாவுக்குப் பின்னால் ஒரு கதாநாயகி

ரெசெட் லெமன்கிராஸ் என்ற சிறுமியின் வீட்டுக்கு ஒரு தேவதை வருகிறாள். சிறகு உண்டு, பறக்கவும் செய்கிறாள். வந்த காரியம் என்னவோ கடன் வசூல். ரெசெட்டின் அப்பா சாகசம் செய்யப் போகிறேன் என்று கடன் வாங்கிக்கொண்டு கிளம்பியவர். ஆளைக் காணோம், கடன் மட்டும் பத்திரமாக இருக்கிறது. மொத்தம் 8,20,000 பிக்ஸ். தேவதையின் பெயர் டியர், கடன் கொடுத்த டெர்ம் நிதி நிறுவனத்தின் ஊழியை. வீடு கைவிட்டுப் போகாமல் இருக்க வேண்டுமானால் அதிலேயே ஒரு கடையைத் திறந்து வாராவாரம் தவணை கட்டு என்கிறாள். ரெசெட் தலையாட்டுகிறாள். கடைக்குப் பெயர் வைக்கும்போது தன் பெயரையும் வசூலுக்கு வந்தவளின் பெயரையும் ஒட்டி 'ரெசெட்டியர்' என்று வைத்துவிடுகிறாள். கடன் கேட்டு வந்தவளின் பெயரைக் கடைப் பலகையில் ஏற்றிய கதாநாயகியை நான் வேறு எந்தக் கதையிலும் பார்த்ததில்லை.

2007 டிசம்பர் கடைசியில் ஜப்பானில் வெளியான ஒரு கணினி விளையாட்டு இப்படித்தான் தொடங்குகிறது. பெரிய கண்கள், குட்டைக் கைகால், மிட்டாய் நிறத்தில் ஒரு சிற்றூர், விடாமல் உற்சாகமாக ஒலிக்கும் இசை. கடையைத் திறப்பதும் சரக்கை அடுக்குவதும் வந்தவரிடம் விலை பேசுவதும் சாயங்காலம் கதவைச் சாத்துவதும்தான் பெரும்பாலான நேரத்து வேலை. இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு இரண்டு நாள் வியாபாரம் பார்த்துவிட்டுப் படுத்தால் நல்ல தூக்கம் வருகிறது. தலைக்கு மேல் எட்டு லட்சம் கடனை வைத்துக்கொண்டு விளையாடும் ஆட்டம் எப்படி இளைப்பாறலாக இருக்க முடியும் என்று எனக்கு வெகுநாளாக ஒரு புதிர். அது பிறந்த இடத்தைத் தெரிந்துகொண்ட பிறகு புதிர் கொஞ்சம் அவிழ்ந்தது.

கதை 1980களில் தொடங்க வேண்டும். 1986 மே மாதம் எனிக்ஸ் நிறுவனம் 'டிராகன் குவெஸ்ட்' என்ற விளையாட்டை ஜப்பானில் வெளியிட்டது. எழுதி வடிவமைத்தவர் யூஜி ஹோரி. வீரன் ஊர் ஊராகப் போவான். பேய் பூதங்களை அடித்துக் காசு சேர்ப்பான். அந்தக் காசில் கடையில் வாள் வாங்குவான், கேடயம் வாங்குவான். மறுபடி பூதத்தை அடிக்கப் போவான். ஜப்பானியக் கதைவழி விளையாட்டுகளில் பெரும்பாலானவற்றுக்கு இதுவே அச்சு. இதில் கடைக்காரர் ஒரு மரப்பலகைக்குப் பின்னால் நிற்கும் பொம்மை. பேர் கிடையாது. ராத்திரி எங்கே தூங்குகிறார், சரக்கு எங்கிருந்து வருகிறது, உலகம் அழியப் போகும் நேரத்திலும் ஏன் வாளை முழு விலைக்கு விற்கிறார் என்றெல்லாம் யாரும் கேட்பதில்லை. உலகத்தைக் காப்பாற்றப் போகிறவனுக்கே பத்துக் காசு தள்ளுபடி கிடையாது.

கேட்டவர் ஹோரிதான். 1988இல் வந்த மூன்றாம் பாகத்தில் வீரனோடு கூடப் போகிறவர்களில் வணிகர் என்றொரு வகை உண்டு. ஆட்டத்தின் நடுவே, ஒரு வெற்றுப் பொட்டலில் தனியாக நிற்கும் கிழவர், இங்கே ஊர் கட்ட ஆசை, ஒரு வணிகரை என்னிடம் விட்டுவிட்டுப் போங்கள் என்கிறார். விட்டுவிட்டுப் போகிறோம். திரும்பி வரும் ஒவ்வொரு முறையும் ஊர் கொஞ்சம் வளர்ந்திருக்கும். முதலில் ஒரு கடை, பிறகு வீடுகள், பிறகு ஆட்டபாட்டம். நாம் விட்டுப்போன ஆள் ஊர்ப் பெரியவராகி, ஜனங்களைக் கசக்கிப் பிழிய ஆரம்பித்து, ஒருநாள் ஊர் கொதித்தெழுந்து அவரைச் சிறையில் தள்ளிவிடும். போய்ப் பார்த்தால் கம்பிக்குப் பின்னால் உட்கார்ந்திருப்பார். பூதங்களை அடித்துக்கொண்டிருந்த ஆட்டத்துக்குள் வியாபாரம் செய்கிறவனின் ஏற்றமும் இறக்கமும் இப்படி நுழைந்தது. ஆட்டத்தில் இது ஒரு கிளைக்கதைதான், ஆனால் ஆடியவர்களுக்கு மறக்காது.

1990 பிப்ரவரியில் நான்காம் பாகம் வந்தது. அதன் மூன்றாவது அத்தியாயம் முழுக்க ஆயுத வியாபாரி டோர்னெகோவின் கதை. தொந்தியும் மீசையுமாக நடுவயதுக் குடும்பஸ்தர். அத்தியாயத்தின் தொடக்கத்தில் அவர் முதலாளிகூட இல்லை, வேறொருவர் கடையில் கூலிக்கு நிற்கிறவர். காலையில் மனைவி நெனே சாப்பாடு கட்டிக் கொடுப்பாள். கடைக்குப் போய்ப் பலகைக்குப் பின்னால் நிற்க வேண்டும். அதுவரை எந்தப் பக்கம் நின்று வாங்கினோமோ, அதற்கு எதிர்ப்பக்கம். வருகிறவர் இது என்ன விலை என்பார், சொல்ல வேண்டும். சிலர் வாங்குவார்கள், சிலர் முகத்தைச் சுளித்துப் போவார்கள். பொழுது சாய்ந்ததும் முதலாளி கூலியை எண்ணிக் கொடுப்பார். மறுநாளும் அதுவே. பூதத்தை அடிக்காமல் இப்படியே நாள் நாளாக நின்றுகொண்டிருக்கலாம். ஆட்டம் ஒன்றும் சொல்லாது.

அலுத்தால் வெளியே கிளம்பலாம். வாங்கி விற்று, குகைகளில் கிடைத்ததைச் சேர்த்து, பக்கத்து நாட்டுத் தலைநகரான எண்டோரில் சொந்தக் கடை வாங்குவதுதான் டோர்னெகோவின் இலக்கு. வாங்கிய பிறகு கடையில் உட்காருவது நெனே. இவர் வெளியில் அலைந்து கொண்டுவரும் சரக்கை அவளிடம் கொடுத்துவிட்டு ஓர் இரவு தூங்கி எழுந்தால், வெளியே கிடைக்கும் விலைக்கு மேல் விற்றுக் காசை எடுத்து வைத்திருப்பாள். அலைகிறவன் பெயர் அத்தியாயத் தலைப்பில் இருக்கிறது. லாபம் பார்த்துக் கொடுப்பது வீட்டுக்காரி. நம் ஊர்க் கடைத்தெருவில் இதை யாரும் விளக்க வேண்டியதில்லை.

ஜப்பானிய ஆட்டக்காரர்கள் டோர்னெகோவை விடவில்லை. 1993இல் அவருக்கென்றே தனி விளையாட்டு வந்தது. ஆழம் காண முடியாத ஒரு பாதாளக் குகைக்குள் அவர் இறங்குவார். கொண்டுவந்த பொருள் விற்று ஊரில் அவருடைய கடை கொஞ்சம் கொஞ்சமாகப் பெரிதாகும். நான்கு ஆண்டு கழித்து, நகானோவில் இருந்த கஸ்ட் என்ற சிறிய நிறுவனம் 'மாரியின் பட்டறை' என்ற பொருளில் பெயர் வைத்து ஒரு விளையாட்டை வெளியிட்டது. ரசவாதப் பள்ளியில் தேறாத மாணவி ஒருத்திக்கு ஆசிரியை ஒரு பட்டறையையும் ஐந்து ஆண்டு அவகாசத்தையும் கொடுக்கிறாள். ஊர்க்காரர் கேட்கும் பொருளைச் செய்து கொடுத்துப் பிழைக்க வேண்டும். உலகைக் காப்பாற்றும் வேலை அவளுக்கு இல்லை, விளம்பரத்திலேயே அதைச் சொல்லித்தான் விற்றார்கள். கடை, பட்டறை, கெடு, சின்னச் சின்ன வாடிக்கையாளர்கள் என்று எல்லாச் சாமானும் 1990களிலேயே மேசைக்கு வந்துவிட்டன. ஒரே அடுப்பில் ஏற்ற ஆள் வேண்டியிருந்தது.

அந்த ஆள் பெரிய நிறுவனம் எதிலிருந்தும் வரவில்லை.

ஜப்பானில் டோஜின் என்று ஓர் உலகம் உண்டு. நமக்குச் சிறுபத்திரிகை இருந்ததுபோல அவர்களுக்கு அது. ஒத்த ரசனை உள்ள நாலைந்து பேர் ஒரு குழுவாகச் சேர்வார்கள், சொந்தக் காசில் அச்சடிப்பார்கள், தாங்களே விற்பார்கள். படக்கதைப் புத்தகத்தில் தொடங்கிய பழக்கம் இசைக்கும் பிறகு கணினி விளையாட்டுக்கும் பரவியது. இவர்களுக்கான பெரிய சந்தை காமிக் மார்க்கெட், சுருக்கமாக காமிகெட். 1975 டிசம்பரில் டோக்கியோவில் ஒரு கூடத்தில் முப்பத்திரண்டு குழுக்களோடு தொடங்கியது. ஆண்டுக்கு இருமுறை, கோடையில் ஒன்று, ஆண்டுக் கடைசியில் ஒன்று. 2007 வாக்கில் மூன்று நாளில் சுமார் 35,000 குழுக்களும் ஐந்து லட்சம் பேர் அளவுக்குக் கூட்டமும் வரும் இடமாக வளர்ந்திருந்தது. நடக்கும் இடம் டோக்கியோ விரிகுடாக் கரையில், தலைகீழ்ப் பிரமிடுகளைத் தூக்கி நிறுத்தியதுபோல இருக்கும் டோக்கியோ பிக் சைட் கண்காட்சி வளாகம்.

அங்கே ஒரு குழுவுக்குக் கிடைப்பது அரை மேசை. ஒரு நீள மேசையை இரண்டு குழுக்கள் பங்கிட்டுக்கொள்ள வேண்டும். தொண்ணூறு சென்டிமீட்டர் அகலம், நாற்பத்தைந்து சென்டிமீட்டர் ஆழம், பின்னால் உட்கார மடக்கு நாற்காலி. மேலே துணி விரித்து, சரக்கை அடுக்கி, விலைச் சீட்டை நிறுத்தி, சில்லறையைத் தயாராக வைத்துக்கொண்டு உட்கார வேண்டும். சில்லறைத் தட்டுப்பாடு பெரிய தலைவலி என்பதால் பலர் விலையையே ஐந்நூறு, ஆயிரம் யென் என்று முழுசாக வைத்துவிடுவார்கள். காலையில் திறக்கும் அறிவிப்பு வந்ததும் கூடம் முழுக்கக் கைதட்டல் எழும். சாயங்காலம் முடியும்போதும் அப்படியே. எத்தனை பிரதி அடிப்பது என்பது மட்டும் யாரும் சொல்லித்தர முடியாத கணக்கு. கம்மியாக அடித்தால் மத்தியானத்துக்குள் மேசை காலி, வந்தவர் வெறுங்கையோடு போவார். அதிகம் அடித்தால் பெட்டிகள் வீட்டுக்குத் திரும்பி வந்து கட்டிலுக்கடியில் குடியிருக்கும்.

ஈஸிகேம்ஸ்டேஷன் என்பது இப்படிப்பட்ட ஒரு குழு. 2006இல் 'சாண்டெலிஸ்' என்ற விளையாட்டை வெளியிட்டிருந்தார்கள். சூனியத்தால் தேவதையாகிவிட்ட ஒருத்தியும் அவள் உடன்பிறந்தாளும் அதில் நாயகிகள். முப்பரிமாண நிலத்தில் தட்டையாக வரைந்த பாத்திரங்களை நடமாட விடும் முறையும், துடுக்கான சிறுமிகளும், தோளருகே பறக்கும் தேவதையும் அங்கேயே வந்தாயிற்று. அடுத்த ஆண்டு கடைசியில், காமிகெட்டின் எழுபத்து மூன்றாம் சந்தையில், அவர்கள் மேசையில் ஏறியது ரெசெட்டியர்.

கடை நடத்தும் விளையாட்டைச் செய்து, அதையே ஒரு கடைப்பலகைக்குப் பின்னால் நின்று விற்றவர்கள் அவர்கள். எதைக் கண்ணில் படும்படி முன்னால் வைப்பது, கையில் எடுத்துப் பார்த்துவிட்டுக் கீழே வைத்துவிட்டுப் போகிறவரை எப்படிப் பார்ப்பது, போணி ஆகாத முதல் ஒரு மணி நேரத்தைத் தள்ளுவது எப்படி என்பதெல்லாம் அந்த அரை மேசைக்குப் பின்னால் உட்கார்ந்த எவருக்கும் அத்துபடி. ரெசெட்டியரின் ஒவ்வொரு சின்ன விதியிலும் அந்த அனுபவத்தின் மணம் அடிக்கிறது என்பது என் எண்ணம். பெரிய நிறுவனத்தின் கூட்ட அறையில் இது பிறந்திருந்தால் லாப வரைபடம் நன்றாக இருந்திருக்கும். ஜன்னலோரத்தில் எந்தப் பண்டத்தை வைத்தால் தெருவில் போகிறவர் உள்ளே நுழைவார் என்ற கவலை இவ்வளவு இருந்திருக்காது.

ஆட்டத்தில் அந்தக் கவலைதான் முதல் வேலை. கடையில் வைக்க இடம் கொஞ்சம். தெருப்பக்கத்து ஜன்னல் மேடையில் வைப்பது தெருவுக்குத் தெரியும். ஆளை இழுப்பது அது. சுவர்த்தாளையும் தரைவிரிப்பையும் மாற்றினால் கடையின் குணம் மாறி, வருகிற ஆட்களும் மாறுகிறார்கள். ஒரு நாளில் நான்கு பொழுது. கடையைத் திறந்தால் ஒரு பொழுது போகும். சரக்கு தேடிக் குகைக்குப் போனால் இரண்டு. குகைக்கு ரெசெட் தனியாகப் போக மாட்டாள். சாகச வீரர் ஒருவரைக் காசு கொடுத்துக் கூட்டிப்போக வேண்டும். அவர் சண்டை போடுவார், இவள் பின்னால் பையோடு வருவாள். வீரர் அடிபட்டு விழுந்தால் பையில் சேர்த்ததில் பெரும்பங்கு போயிற்று, வெறுங்கையோடு என்று சொல்லும் அளவுக்குத் திரும்ப வேண்டியதுதான். அலைய மனமில்லையா, வணிகர் சங்கத்தில் கொள்முதல் விலைக்கு வாங்கி வந்தும் விற்கலாம்.

லூயி என்று ஒரு வாள்வீரன், முதலில் அறிமுகமாகிறவன். சாப்பாட்டுக்கே தாளம் போடுகிற ஏழை. அவனும் நம் கடைக்கு வாடிக்கையாளனாக வருவான். நல்ல வாள் ஒன்றை ஆசையோடு பார்ப்பான், கையில் காசு இருக்காது. விலையைக் குறைத்து அவனுக்கே விற்றால், அடுத்த முறை குகைக்கு அதே வாளோடு வருவான். இந்த ஒரு முடிச்சுக்காகவே இந்த ஆட்டத்தை வடிவமைத்தவர்களுக்கு மாலை போடலாம். கருணையும் முதலீடும் ஒரே விலைச்சீட்டில்.

இனி பேரத்துக்கு வர வேண்டும். பொருளை எடுத்து வருகிறவர் என்ன விலை என்று கேட்பார். அடிப்படை விலை நமக்குத் தெரியும். அதில் எத்தனை விழுக்காடு சொல்கிறோம் என்பதையும் எண்ணைத் தட்டத் தட்ட ஆட்டம் காட்டும். அதிகம் சொன்னால் முகம் சுளித்துக் குறைக்கச் சொல்வார். மறுபடியும் பிடிவாதம் பிடித்தால் கிளம்பிவிடுவார். ஆளுக்கு ஆள் அளவு வேறு. குட்டிப் பெண்ணின் கையில் சில்லறைதான் இருக்கும். பணக்காரி அலுவெட் விலையைப் பார்க்காமல் வாங்குவாள். சில நாள் அவர்களே விற்கவும் வருவார்கள். அப்போது நாம் குறைத்துக் கேட்க வேண்டும். ஊரில் ஏதோ நடந்து ஒரு வகைப் பண்டம் திடீரென்று சரியும், இன்னொன்று எகிறும். சரியும்போது வாங்கிப் போட்டு எகிறும்போது விற்கும் சுகத்தை விவரிக்க வேண்டியதில்லை.

பேரம் இப்படி ஆட்டத்தின் நடுநாயகமாக இருப்பது பிறந்த நாட்டை நினைத்தால் வேடிக்கை. 1673இல் மிட்சுய் தகதோஷி என்ற வணிகர் எடோ நகரத்தில், அதாவது இன்றைய டோக்கியோவில், எச்சிகோயா என்ற துணிக்கடையைத் திறந்தார். அதுவரை பெரிய துணி வணிகர்கள் பிரபுக்கள் வீட்டுக்கே சரக்கை எடுத்துப் போய், ஆளைப் பார்த்து விலை சொல்லி, கடனுக்குக் கொடுத்து, ஆண்டுக்கு ஒன்றிரண்டு தடவை வசூலித்தார்கள். எச்சிகோயா அதைத் தலைகீழாக்கியது. கடைக்கு வா, ரொக்கம் கொடு, எல்லோருக்கும் ஒரே விலை, பேரம் கிடையாது. வேண்டிய அளவுக்குத் துணியை வெட்டியும் கொடுத்தார்கள். கடை பெருகிற்று, இன்றைய மிட்சுகோஷி பல்பொருள் அங்காடியின் மூதாதை அதுதான். மின்சாதனக் கடைகளிலும் ஒசாகாப் பக்கத்துச் சந்தைகளிலும் கொஞ்சம் விட்டுக்கொடுப்பு உண்டு என்றாலும், ஜப்பானில் சாதாரணக் கடைக்குப் போய் விலையைக் குறைத்துக் கேட்கிற வழக்கம் வெகுகாலமாக இல்லை. அப்படிப்பட்ட ஊரில் பேரத்தைப் பிள்ளைகள் கதையாக்கிச் செய்த ஆட்டம் இது. நமக்கு அன்றாடத் தொல்லையாக இருப்பது அவர்களுக்கு ஆனந்தக் கற்பனை.

அந்தப் பேரத்துக்குள் ஒரு சூட்சுமம் இருக்கிறது. முதலில் எல்லோரும் கறந்து பார்க்கத்தான் செய்வார்கள், நானும் செய்தேன். ஆனால் ஆட்டம் வேறொன்றுக்குப் பரிசு தருகிறது. முதல் விலையிலேயே வாடிக்கையாளர் சரி என்று சொன்னால் அனுபவப் புள்ளி. அடுத்தவரும் முதல் விலைக்கே ஒப்புக்கொண்டால் அது இரட்டிப்பு. இப்படித் தொடர் நீள நீளப் புள்ளி ஏறுகிறது. நடுவில் ஒருவரிடம் ஆசைப்பட்டு விலையை ஏற்றி அவர் குறைக்கச் சொல்லிவிட்டால் தொடர் அறுந்துபோகும். திருப்தியாகப் போனவருக்கு நம்மேல் பிரியம் கூடுகிறது. பிரியம் கூடக் கூட அடுத்த தடவை அவர் செலவழிக்கத் தயாராக வரும் தொகையும் கூடுகிறது. ஆகவே கடைசிக் காசு வரை கசக்குவதைவிட, ஆள் யோசிக்காமல் கொடுக்கும் விலையைச் சொல்வதே நல்ல வியாபாரம். அந்த விலையைக் கண்டுபிடிக்க வந்தவர் யார், என்ன கையிருப்பு, போனமுறை எங்கே முகம் சுளித்தார் என்று நினைவில் வைக்க வேண்டும். விளையாடத் தொடங்கிக் கொஞ்ச நேரத்தில் தெருவில் போகிற ஒவ்வொருவரையும் நமக்குத் தெரிந்துவிடுகிறது. இளைப்பாறல் எங்கிருந்து வருகிறது என்று கேட்டால் நான் முதலில் இதைத்தான் சொல்வேன்.

இரண்டாவது, அந்தக் கடன். முதல் தவணை 10,000. அடுத்த வாரம் 30,000. பிறகு 80,000, பிறகு 2,00,000, கடைசியில் 5,00,000. கூட்டினால் சரியாக 8,20,000. ஏறுமுகம் பயமுறுத்தும்படி இருந்தாலும் வட்டி குட்டி போடுவதில்லை, விதி நடுவில் மாறுவதில்லை, யாரும் வாசலில் வந்து கத்துவதில்லை. வசூலுக்கு வந்தவளே கூட இருந்து வியாபாரம் சொல்லித்தருகிறாள். கட்ட முடியாமல் போனால் வீடு போய்விடும். ஓர் அட்டைப்பெட்டிக்குள் ரெசெட் குடியிருக்கும் காட்சி வரும். பரிதாபமும் சிரிப்பும் ஒன்றாக வரும் காட்சி. அடுத்த நொடி காலம் ஆரம்பத்துக்குத் திரும்புகிறது. சேர்த்த சரக்கும் பெற்ற தொழில்நிலையும் கூடவே வருகின்றன. இரண்டாவது தடவை முதல் தவணை ஒன்றுமே இல்லை என்றாகிவிடும். தோற்றவனிடமிருந்து அனுபவத்தைப் பறிக்காத கடன் அது. நிஜத்தில் எந்த நிதி நிறுவனமும் இந்தத் திட்டத்தை விற்பதாகத் தெரியவில்லை.

இந்தச் சரக்கு கடல் தாண்டியது தனிக்கதை. 2007இல் ஜப்பானிய டோஜின் விளையாட்டு வெளிநாட்டுக்குப் போக முறையான வழி அநேகமாகக் கிடையாது. வட்டைத் தேடி வாங்கிச் சிலர் ஆடினார்கள், மொழி தெரியாதவர் தமக்குள் மொழிபெயர்ப்புப் பொட்டலங்களைப் பரிமாறிக்கொண்டார்கள். பெரிய வெளியீட்டு நிறுவனங்கள் அந்த அரை மேசைப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை. அமெரிக்காவில் ஆண்ட்ரூ டைஸ், ராபின் லைட்-வில்லியம்ஸ் என்ற இருவர் கார்ப்பே ஃபுல்குர் என்ற பெயரில் ஒரு நிறுவனம் வைத்தார்கள். நிறுவனம் என்றால் அந்த இரண்டு பேர்தான். ஈஸிகேம்ஸ்டேஷனோடு முறைப்படி பேசி உரிமம் வாங்கினார்கள். முதல் சரக்காக எடுத்தது ரெசெட்டியர்.

இருவரும் வரிக்கு வரி பெயர்க்கவில்லை. ரெசெட்டுக்கு வாயாடித்தனமும், டியருக்குச் சலித்துக்கொள்ளும் அக்கா குரலும், வந்து போகும் கிழவருக்கும் குழந்தைக்கும் ஆளுக்கொரு பேச்சும் ஆங்கிலத்திலேயே புதிதாகப் பிறந்ததுபோல எழுதினார்கள். வியாபாரம் சூடு பிடிக்கும்போது ரெசெட் உற்சாகத்தில் 'முதலாளித்துவத்துக்கு ஜே' என்ற தோரணையில் முழங்குவாள். ஆட்டத்தைத் தொடாதவர்களுக்கும் அந்த முழக்கம் தெரியும் அளவுக்கு அது பரவியது. கடனில் மூழ்கிய ஒரு சின்னப்பெண் அதைக் கத்துவதில் உள்ள கிண்டல் கிண்டலாகவே வந்து சேர்ந்தது அந்த எழுத்தின் வெற்றி.

முன்னோட்டமாக ஒரு பகுதியை இலவசமாக விட்டார்கள். ஆடியவர்கள் பேசத் தொடங்கினார்கள். 2010 செப்டம்பர் 10ஆம் தேதி ஸ்டீம் என்ற இணைய விற்பனைத் தளத்தில் இருபது டாலருக்கு முழு விளையாட்டு வந்தது. ஜப்பானியச் சுயேச்சைக் குழு ஒன்றின் ஆக்கம் ஸ்டீமில் ஏறியது அதுவே முதல் தடவை. ஆறு மாதத்தில் 10,000 பிரதி போனால் நல்லது என்று இருவரும் கணக்குப் போட்டிருந்தார்கள். முதல் மாதத்திலேயே 26,000ஐத் தாண்டியது. ஆண்டிறுதித் தள்ளுபடியும் கைகொடுக்க, 2011 ஜனவரியில் ஒரு லட்சத்துக்கு மேல். 2017 வாக்கில் ஐந்து லட்சம். எத்தனை பிரதி அடிப்பது என்று கட்டிலுக்கடியைப் பார்த்துக் கவலைப்பட வேண்டியிருந்த பண்டத்துக்கு, அடிக்கவே தேவையில்லாத கடை ஒன்று கிடைத்துவிட்டது. அந்தச் சூட்டில் அதே குழுவின் முந்தைய 'சாண்டெலிஸ்' 2011இல் ஆங்கிலத்தில் வந்தது. ரெசெட்டியர் அளவுக்கு அது பேசப்படவில்லை. அதில் கடை இல்லை என்பது ஒரு காரணமாக இருக்கலாம்.

கடை நடத்தும் சாகசம் என்ற வகை பிறகு மேற்கிலும் முளைத்தது. 2018இல் ஸ்பெயின் நாட்டு வலென்சியாவிலிருந்து டிஜிட்டல் சன் குழு 'மூன்லைட்டர்' என்ற விளையாட்டை வெளியிட்டது. வில் என்ற இளம் கடைக்காரன் ராத்திரியில் தானே குகைக்குள் இறங்கிச் சண்டை போட்டுச் சரக்கு சேர்ப்பான், பகலில் கடையில் விற்பான். காண அழகு, சண்டை ரெசெட்டியரைவிட எவ்வளவோ மேல். விலைச்சீட்டை எழுதி வைத்துவிட்டு நிற்க வேண்டும். வந்தவர் தலைக்கு மேல் சிரித்த முகமோ சுளித்த முகமோ தோன்றும், அதைப் பார்த்து அடுத்த தடவை திருத்திக்கொள்ளலாம். யாரும் வாய் திறந்து கேட்பதில்லை, குறைக்கச் சொல்வதில்லை. எச்சிகோயாவின் பேரன் மாதிரி ஒரு கடை அது. நான் சில வாரம் ஆடிவிட்டு மறுபடி ரெசெட்டிடமே வந்துவிட்டேன்.

கடைசித் தவணை ஐந்து லட்சத்தைக் கட்டி முடித்ததும் நிறைவுரை ஓடுகிறது. ஆனால் ஆட்டம் கடையைப் பூட்டச் சொல்வதில்லை. கெடு எதுவும் இல்லாமல் விருப்பப்படி தொடர்ந்து வியாபாரம் பார்க்கும் வழி ஒன்று திறக்கிறது. திறக்காத குகைகள், அறிமுகமாகாத வீரர்கள் எல்லாம் அதற்குப் பிறகுதான் நிதானமாகக் கிடைக்கிறார்கள். இன்னொரு வழியில் வாராவாரம் கட்ட வேண்டிய தொகை முடிவே இல்லாமல் ஏறிக்கொண்டு போகும், எத்தனை வாரம் தாக்குப்பிடிக்கிறோம் என்று பார்ப்பதுதான் போட்டி. கெட்டிக்காரர்கள் இரண்டாவதை ஆடிப் பெருமையடித்துக்கொள்கிறார்கள். நான் முதலாவதில் கடையைத் திறந்து வைத்து, லூயிக்கு இன்னும் கொஞ்சம் மலிவாக எதை விற்கலாம் என்று பார்த்துக்கொண்டிருக்கிறேன்.